சரி என்று சொன்னது யார்

அழகுத்தாயிடம் கேள்வி கொண்டுபோனால் பதில் கிடைக்காது, வேலைதான் கிடைக்கும் என்று மில்லில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் வெயிலுமுத்து அந்தச் சனிக்கிழமை காலை அவரைத் தேடிப் போனார்.

அழகுத்தாய் நகராட்சி அலுவலகத்துக்கு எதிரே, ஒரு ஜெராக்ஸ் கடையின் தகர நிழலில் உட்கார்ந்து மனு எழுதிக்கொடுப்பவர். வயது நாற்பத்தொன்று. பதினோரு வருடத்துக்கு முன் மில்லிலிருந்து நீக்கப்பட்டவர். அங்கே வேலை பார்த்த காலத்தில் ஞாயிறுதோறும் சங்க அலுவலகத்தில் வகுப்பெடுத்தார். ஒப்பந்தத்தை எப்படி வாசிப்பது, எந்த வரியில் எதை ஒளித்து வைப்பார்கள் என்பதுதான் பாடம். அதற்காகத்தான் நீக்கினார்கள். காகிதத்தில் வேறு காரணம் எழுதியிருந்தது.

வெயிலுமுத்து சங்கத்தின் செயலாளர். அழகுத்தாயைவிடப் பன்னிரண்டு வயது மூத்தவர். மூன்று முறை சிறைக்குப் போனவர். ஆனாலும் அந்த வகுப்பில் கடைசி பெஞ்சில் உட்கார்ந்து படித்தவர் என்பதால் இன்றைக்கும் டீச்சர் என்றுதான் கூப்பிடுவார்.

“டீச்சர், ஒரு கேள்வி.”

“உக்காந்து கேளுங்கண்ணே.”

“காதுல விழாமலே வாய் சரின்னு சொல்லுமா?”

“வீட்டுல மதினிகிட்ட கேட்டீங்களா?”

“கேட்டேன். இருபத்தாறு வருசமா அப்படித்தான் சொல்லுதீக, இப்பதான் தெரியுதாக்கும்னு சிரிக்கா.”

அழகுத்தாய் பேனாவை மூடினார். “என்ன நடந்துச்சு?”

நடந்தது இது.

வியாழக்கிழமை தொழிலாளர் அலுவலரின் அறையில் பேச்சுவார்த்தை. சங்கத்தின் சார்பில் வெயிலுமுத்து மட்டும்தான் உள்ளே போனார். தலைவர் காய்ச்சலில் கிடந்தார். மற்றவர்களை இவரே வேண்டாமென்று சொல்லிவிட்டார். ஆள் கூடினால் பேச்சு குழம்பும் என்பது அவருடைய வாதம்.

பேசி முடித்தபின் ஒப்பந்த நகலை அலுவலர் ஒவ்வொரு பிரிவாகச் சத்தமாக வாசிப்பார். நிர்வாகம் சரி என்று சொல்ல வேண்டும். சங்கம் சரி என்று சொல்ல வேண்டும். இரண்டு சரியும் கேட்ட பிறகு எழுத்தர் ‘ஏற்கப்பட்டது’ என்று குறிப்பார். அதுதான் அங்கே வழக்கம்.

மூன்றாவது பிரிவு, மில்லுக்குள் குழந்தைக் காப்பகம். ஏழு வருடம் கேட்டது கிடைத்தது. வெயிலுமுத்து ஓங்கிச் சரி என்றார். நான்காவது பிரிவு வாசிக்கப்பட்டது. அதற்கும் சரி என்றார்.

நான்காவது பிரிவின்படி நிர்வாகம் எந்தத் தொழிலாளரையும் எழுபது கிலோமீட்டர் தள்ளியிருக்கும் தனது இரண்டாவது ஆலைக்கு மாற்றலாம்.

கையெழுத்து திங்கட்கிழமை. அதுவரைக்கும் நிர்வாகத்துக்குப் பொறுக்கவில்லை. வெள்ளிக்கிழமை மதியமே நூல் சுற்றும் வைண்டிங் பகுதியில் பதினோரு பெண்களுக்கு மாற்றல் உத்தரவு போட்டது. செவ்வாய்க்கிழமை அங்கே வேலைக்குச் சேர வேண்டும். சேராவிட்டால் தாங்களாக வேலையை விட்டதாகக் கருதப்படும். உத்தரவு வாட்ஸப்பில் வந்தது. வேலை நேரத்தில் தொழிலாளர் கவனம் சிதறுகிறது என்று மில்லுக்குள் போனைத் தடை செய்திருந்தார்கள். ஆகவே உத்தரவு வந்தபோது அந்தப் பதினோரு போனும் வாசலில் செக்யூரிட்டியின் பெட்டிக்குள் கிடந்தன.

“நகல வாங்கிப் பாத்தேன் டீச்சர். நாலாவது பிரிவு, சங்கத் தரப்பு ஏற்கப்பட்டதுன்னு இருக்கு. நான்தான் சொல்லியிருக்கேன். ஆனா அந்தப் பிரிவ கேட்ட ஞாபகமே இல்ல. நான் தூங்கல. குடிக்கல. நாற்காலியிலதான் இருந்தேன். அப்ப நான் எங்க இருந்தேன்?”

அவர் குரலில் வருத்தத்தைவிட ஆச்சரியம்தான் அதிகம் இருந்தது. தன் சட்டைப்பையில் வேறொருவனின் கையைப் பிடித்துவிட்டவரைப் போல இருந்தார்.

“அலுவலர் என்ன கலர் சட்ட?” என்று கேட்டார் அழகுத்தாய்.

“தெரியல.”

“மேனேஜர் உங்களுக்கு எதுத்தாப்லயா, பக்கத்துலயா?”

யோசித்தார். “எதுத்தாப்லதான் இருக்கணும்.”

“நீங்க என்ன பாத்துட்டு இருந்தீங்க?”

வெயிலுமுத்து கழுத்தைச் சொறிந்தார். “நம்ம பயலுவ ஒரு போட்டோ போட்டிருந்தானுவ, பேஸ்புக்குல. அது எப்படிப் போகுதுன்னு பாத்தேன்.”

“எப்படிப் போச்சு?”

“நூத்து நாப்பது லைக்கு. நான் சரின்னு சொன்னப்ப இருநூறு தாண்டியிருக்கும். முதல் கமெண்டு கோயில்பட்டி தோழர். அடுத்தது என் மச்சினன். மூணாவது யாரோ ஒரு பொண்ணு, பூப்படம் வச்சிருந்தது. நாலாவது…”

“நல்லா ஞாபகம் இருக்கே.”

“இருக்கு டீச்சர். அதான் புரியல.”

“போட்டோவுல யாரு?”

“நான்தான்.”

“என்ன செய்றீங்க?”

“பேச்சுவார்த்தைக்கு உள்ள போறேன். கமெண்டுல கூட, சிங்கம் உள்ள நுழையுதுன்னு எழுதியிருந்தான்.”

“சிங்கம் எங்க நிக்கிது?”

“வாசல்ல. ஒரு கால் படியில…”

அவர் நிறுத்திக்கொண்டார். பிறகு போனை எடுத்து நீட்டினார்.

“இதையும் பாத்துருங்க. நம்ம தோழர்கள் எழுதிக் கொடுத்தது. இன்னும் போடல.”

அழகுத்தாய் வாசித்தார். வாசித்துக் காட்டாத ஒரு பிரிவை நிர்வாகம் திருட்டுத்தனமாக நகலில் சேர்த்துவிட்டது, துரோகம், மோசடி, வீதிக்கு வாருங்கள் என்று இருந்தது.

“இது நடந்துச்சா?”

“நடந்திருக்கலாம்.”

“நீங்க பாத்தீங்களா?”

“நான் எதத்தான் பாத்தேன்.”

“அப்ப?”

“இப்ப கையத் தூக்கி, தப்பு நான் பண்ணினதுன்னு எப்படிச் சொல்ல டீச்சர்? இருபத்தெட்டு வருசம். சொன்ன சொல்ல ஒரு தடவ கூட நான் திருப்பி வாங்கல. அதுலயும் போன பாத்துட்டு இருந்தேன்னு சொல்லணும். பள்ளிக்கூடத்துல வாத்தியார்கிட்ட மாட்டுன பய மாதிரி.”

அழகுத்தாய் எழுதி முடித்த மனுக்களின் கட்டை அவர் மடியில் வைத்தார்.

“திங்கட்கிழம கலெக்டர் ஆபீஸ்ல குறைதீர்க்குற நாள். ஆள் நெறைய வந்திருக்கு. நான் எழுதுதேன், நீங்க வாசிச்சுக் காட்டுங்க. வாசிச்சுக் காட்டாம நான் யார்கிட்டயும் கைநாட்டு வாங்குறதில்ல.”

“நான் என்ன கேக்கேன், நீங்க என்ன சொல்லுதீங்க?”

“மொத மனு மைதீன் பாத்து அம்மாவோடது.”

மைதீன் பாத்து பஸ் ஸ்டாண்டு வாசலில் தள்ளுவண்டியில் இடியாப்பம் விற்பவர். அறுபது வயதிருக்கும். வண்டியை எடுக்கச் சொல்லிவிட்டார்கள். பத்தொன்பது வருடமாக நிற்கும் இடத்திலேயே தொடர்ந்து நிற்க அனுமதி கேட்டு மனு. அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, வெயிலுமுத்துவுக்கு முன்னால் குத்தவைத்து உட்கார்ந்தார்.

வெயிலுமுத்து மேடைக்குரலில் வாசித்தார். நிற்கும் இடத்துக்கு நான்கு எல்லையும் எழுதியிருந்தது. கிழக்கே நிழற்குடை. மேற்கே ஆட்டோ நிறுத்தம். அப்போது சட்டைப்பையில் போன் அதிர்ந்தது. அவர் எடுக்கவில்லை. ஒரு கண் மட்டும் கீழே போய் வந்தது. தெற்கே சாக்கடை மூடி போட்ட நடைபாதை. ஆகவே சமூகம் அவர்கள் கருணைகூர்ந்து…

“இருங்க ஐயா” என்றார் மைதீன் பாத்து. “வடக்க என்னாச்சு?”

“என்ன?”

“கெழக்க சொன்னீங்க, மேக்க சொன்னீங்க, தெக்க சொன்னீங்க. வடக்க டிரான்ஸ்பார்மர் இருக்குல்லா. அத டீச்சர் எழுதலயா?”

வெயிலுமுத்து தாளைப் பார்த்தார். எழுதியிருந்தது. மேற்குக்கும் தெற்குக்கும் நடுவில், ஒரு முழு வரி.

“எழுதியிருக்கு. நான்தான் விட்டுட்டேன்.”

“வாசிங்க.”

வாசித்தார். மைதீன் பாத்து தலையாட்டினார்.

“அம்மா, உங்களுக்குப் படிக்கத் தெரியாது. இந்த ரோட்டுல இவ்வளவு சத்தம். பஸ்ஸு, ஆரன், அந்தா பாட்டு வேற. நான் ஒரு வரி விட்டது உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?”

அவர் வெயிலுமுத்துவை விநோதமாகப் பார்த்தார். “நான் நிக்கிற இடம்லா ஐயா அது.”

கட்டைவிரலில் மை தடவி, கைநாட்டு வைத்து, விரலைச் சுவரில் துடைத்துவிட்டுப் போனார்.

வெயிலுமுத்து மனுவைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“என்னைய ரெண்டாவது ஆலைக்கு மாத்த முடியாது டீச்சர்” என்றார். “சங்க நிர்வாகிக்குப் பாதுகாப்பு உண்டு.”

“தெரியும்.”

“நாலாவது பிரிவு என்மேல படாது.”

“இன்னும் ஒன்பது மனு இருக்குண்ணே.”

ஒன்பதையும் வாசித்தார். இரண்டு முறை போன் அதிர்ந்தது. ஒரு முறை கண் போனது. எதிரே இருந்தவர் இருமினார், கண் திரும்பி வந்தது. கிளம்பும்போது தோழர்கள் எழுதிக் கொடுத்ததை அழித்தார். அழகுத்தாய் அதைப் பார்க்கவில்லை, அல்லது பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஜெபக்கனி வீட்டுக்குப் போனார். உத்தரவு வந்த பதினோரு பேரில் ஜெபக்கனிதான் வயதில் சின்னவள். இடுப்பில் எட்டு மாதக் கைக்குழந்தை. செய்தி கேட்டு மற்றப் பெண்களும் வந்து வாசலில் நின்றார்கள். நிர்வாகத்தைத் திட்டிக்கொண்டே வந்தார்கள்.

“அவங்கள அப்புறம் திட்டலாம்” என்றார் வெயிலுமுத்து. “வாசிச்சுக் காட்டினாங்க. நான் சரின்னு சொல்லிட்டேன். கேக்காம சொல்லிட்டேன். போன்ல என் போட்டோவப் பாத்துட்டு இருந்தேன்.”

குழந்தை மட்டும் அவருடைய மீசையைப் பார்த்து ஏதோ சொன்னது.

“எந்த போட்டோ?” என்றாள் ஜெபக்கனி. “சிங்கம் போட்டதா?”

“ஆமா.”

“நானும் லைக்கு போட்டேன்ணே அதுக்கு.”

ஒருத்தி சிரித்துவிட்டாள். ஜெபக்கனி சிரிக்கவில்லை.

“இவ அப்பன் லாரியில போனா பத்து நாள் ஆகும் வர. நான் அங்க ஆஸ்டல்ல கெடக்கணும். ஆஸ்டல்ல பிள்ளைக்கு இடமில்ல. நீங்க போட்டோ பாத்தீங்கல்லா, சொல்லுங்க, அதுல எந்த மூலையில இவள விட்டுட்டுப் போக?”

அவர் தலையைக் குனிந்துகொண்டார். மூன்று சிறைகளிலும் அவர் குனிந்ததில்லை.

“அவங்க செஞ்ச மோசடின்னு சொல்லியிருந்தா நம்பியிருப்போம்” என்றாள் இன்னொருத்தி.

“தெரியும். எழுதியும் வச்சிருந்தேன்.”

“பின்ன ஏன் சொல்லல?”

“நேத்து ஒரு அம்மா வடக்க என்னாச்சுன்னு கேட்டுட்டாங்க.”

அவர்களுக்குப் புரியவில்லை. அவரும் விளக்கவில்லை.

“நாளைக்கு நாங்களும் வாரோம்” என்றாள் ஜெபக்கனி.

“வாங்க. வராந்தாவுல நிக்கலாம்.”

திங்கட்கிழமை மதியம், அலுவலரின் அறை வாசலில் வெயிலுமுத்து போனை எடுத்து ஜெபக்கனியிடம் கொடுத்தார்.

“பத்திரம்.”

“பிள்ள கடிச்சிருவா, பரவால்லியா?”

“கடிக்கட்டும்.”

உள்ளே ஒப்பந்தம் தட்டச்சாகித் தயாராக இருந்தது. மேனேஜர் பேனாவைத் திறந்து வைத்திருந்தார். எதிரேதான் உட்கார்ந்திருந்தார். நீலக் கோடு போட்ட சட்டை. வெயிலுமுத்து இந்த முறை அதையெல்லாம் பார்த்துக்கொண்டார்.

“நாலாவது பிரிவ திரும்ப வாசிக்கணும்” என்றார்.

“பதிவாகிவிட்டதே” என்றார் மேனேஜர். “நீங்கள் சரி சொன்னீர்கள்.”

“சொன்னேன். கேக்கல. போன பாத்துட்டு இருந்தேன்.”

மேனேஜர் அலுவலரைப் பார்த்துச் சிரித்தார். “பார்த்தீர்களா சார். நாங்கள் மில்லுக்குள் போனைத் தடை செய்தபோது இவர்தான் ஊர்வலம் நடத்தினார்.” பிறகு இவர் பக்கம் திரும்பினார். “நீங்கள் கேட்கவில்லை என்றால், அன்றைக்கு இந்த நாற்காலியிலிருந்து சரி என்று சொன்னது யார்?”

“அதத்தான் நானும் மூணு நாளா விசாரிச்சுக்கிட்டு இருக்கேன்.”

அலுவலர் மேசைமேல் கிடந்த தன் போனை மெல்லக் கவிழ்த்து வைத்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, கையெழுத்துக்கு முன்னால் ஒரு தரப்பு கேட்டால் வாசிப்பதில் தவறில்லை என்றார்.

வாசித்தார். வெயிலுமுத்து ஒரு சொல் விடாமல் கேட்டார். முடியாது என்றார். மேனேஜருக்கு அன்றைக்கே கையெழுத்து வேண்டியிருந்தது. சங்கம் கொடுத்திருந்த வேலைநிறுத்த அறிவிப்பு வாபஸ் ஆகாமல் அவருடைய ஏற்றுமதிச் சரக்கு நகராது. கொஞ்சம் யோசித்து, இறங்கி வந்தார்.

“ஆறு மாத காலத்துக்கு மட்டும் என்று சேர்த்துக்கொள்ளலாம். அதற்குப் பிறகு இங்கேயே திரும்பி வந்துவிடலாம். நியாயம்தானே?”

நியாயமாகத்தான் இருந்தது. வெயிலுமுத்து முழுக்கக் கேட்டார், முழுக்க யோசித்தார். சரி என்று சொல்ல வாய் திறந்தது. திறந்த வாயை அவரே கவனித்தார்.

“ஒரு நிமிசம்” என்று எழுந்து வராந்தாவுக்குப் போனார். பெண்களிடம் வரியைச் சொன்னார்.

ஜெபக்கனி குழந்தையை இடுப்பு மாற்றிக்கொண்டாள். “ஆறு மாசம் முடிஞ்சு வந்து இங்க ஒரு நாள் வேல பாத்தா, மறுநா திரும்ப ஆறு மாசம் போடலாமா?”

அவர் உள்ளே போய்க் கேட்டார். அந்த நோக்கம் இல்லை என்றார் மேனேஜர்.

“நோக்கம் இல்லன்னா அத எழுதச் சொல்லுங்க” என்றாள் ஜெபக்கனி.

மறுபடி உள்ளே போனார். எழுத முடியாது என்றார் மேனேஜர்.

“சரி, மூணாவது பிரிவுல காப்பகம் குடுக்கீங்களே, அது இங்க மட்டும்தானா, அங்கயும் உண்டா? பிள்ள இருக்கவளையெல்லாம் அங்க அனுப்பிட்டா, இங்க காப்பகத்துல யார வச்சுத் தாலாட்டப் போறீங்கன்னு கேளுங்க.”

இதை அவர் அதே சொற்களில் உள்ளே போய்க் கேட்டார். எழுத்தர் குனிந்து தன் சிரிப்பை மறைத்தார். மேனேஜர் கைக்குட்டையால் கண்ணாடியைத் துடைத்தார். வெகுநேரம் துடைத்தார்.

நான்கு மணிக்கு நான்காவது பிரிவின் குறுக்கே கோடு விழுந்தது. கோட்டின் ஓரத்தில் இரண்டு தரப்பாரும் சுருக்கொப்பம் இட்டார்கள். பதினோரு உத்தரவும் ரத்து என்று தனித்தாளில் எழுதி, அலுவலர் முத்திரை குத்தினார்.

பெண்கள் அழகுத்தாயின் இடம்வரை கூடவே வந்தார்கள். சர்பத் குடித்தார்கள். குழந்தை உண்மையிலேயே போனைக் கடித்து ஈரமாக்கியிருந்தது. பஸ் வந்ததும் ஏறிப் போனார்கள்.

வெயிலுமுத்து மட்டும் இருந்தார். பெஞ்சில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தார்.

“கேள்விக்குப் பதில் கெடச்சிருச்சு டீச்சர்.”

“அப்படியா?”

“இனிமே பேச்சுவார்த்தைன்னா போன வெளியில வச்சிட்டுத்தான் உள்ள போவேன். சங்கத்துல தீர்மானமே போடப்போறேன். இன்னிக்கு ஒரு சொல்லு தப்பல. அவ்வளவும் காதுல விழுந்துச்சு.”

“எத்தன தடவ எந்திரிச்சு வெளியில வந்தீங்க?”

“மூணு தடவ.”

“எதுக்கு?”

“ஜெபக்கனிகிட்ட கேக்க. என்ன மூளை டீச்சர் அவளுக்கு! எனக்கும் தோணல, ஆபீசருக்கும் தோணல.”

“போன் எங்க இருந்துச்சு?”

“அவ கையிலதான்.”

அழகுத்தாய் மைப்பெட்டியை மூடி, பேனாவைப் பையில் போட்டார். தகர நிழலைவிட்டு வெளியே வந்து செருப்பை மாட்டினார்.

“அப்ப போன், மூளை ரெண்டையும் வெளியில வச்சிட்டுத்தான் உள்ள போயிருக்கீங்கண்ணே” என்றார்.